பிற உலகங்களின் அறிவை விற்கும் நிறுவனம்: தமிழ் அறிவியல் புனைகதையாளர்களுக்கு ஒரு திறந்த மடல்



அமெரிக்க எழுத்தாளர் லாரி நிவன் 1968ஆம் ஆண்டு ‘கேலக்ஸி’ இதழில் வெளியிட்ட ‘ஆல் த மிரியட் வேஸ்’ என்னும் சிறுகதையில் கிராஸ்டைம் என்றொரு வணிக நிறுவனம் வருகிறது. வரலாற்றின் ஏதோ ஒரு திருப்பத்தில் முடிவு வேறாக அமைந்துவிட்டதால் தனிவழியே சென்றுவிட்ட இணை உலகங்களுக்கு அந்நிறுவனம் ஊர்திகளை அனுப்புகிறது. அங்கே கண்டறியப்பட்டு இங்கே இன்னும் கண்டறியப்படாதவற்றைக் கொண்டுவருகிறது. அவற்றுக்கு இவ்வுலகின் சட்டப்படி தன் பெயரிலேயே காப்புரிமை வாங்கிக்கொள்கிறது. காப்புரிமை என்பது புதிய கண்டுபிடிப்பு ஒன்றைக் குறிப்பிட்ட காலம் வரை பிறர் செய்யவோ விற்கவோ கூடாது என்று தடுப்பதற்கு அரசு தரும் தனியுரிமை. ஆனால் நிவனின் கவலை காப்புரிமையைப் பற்றியது அன்று. நிறுவனத்தைத் தொடங்கிய செல்வந்தர் உட்படப் பலர் காரணம் எதுவும் இன்றித் தம் உயிரை மாய்த்துக்கொள்ள, அதன் பின்னணியைத் துருவும் காவல் அதிகாரி ஒருவர், எடுக்கக்கூடிய முடிவுகள் எல்லாம் ஏதோ ஓர் உலகில் எடுக்கப்பட்டே தீரும் என்றால் தாம் இங்கே எடுக்கும் முடிவுக்கு என்ன பொருள் என்ற கேள்வியில் வந்து நிற்கிறார். கதை அந்தக் கேள்வியோடு முடிகிறது. காப்புரிமைச் செய்தியோ போகிற போக்கில் சொல்லப்பட்டு விடப்படுகிறது.

போகிற போக்கில் விடப்பட்ட அந்தச் செய்திக்குள்தான் எழுதப்படாத கதை இருக்கிறது என்பது இம்மடலின் கருத்து. பிற உலகத்து அறிவு வந்து சேர்ந்ததால் வாங்கியவர்களுக்கு என்ன ஆயிற்று என்பதைப் புனைகதை பலமுறை கேட்டுவிட்டது. அந்த அறிவை உண்டாக்கியவர் யார், அவருக்கு என்ன போய்ச் சேர்ந்தது, அவரிடம் யாராவது கேட்டார்களா என்பதை அது அரிதாகவே கேட்டிருக்கிறது. இந்தக் கேள்வியை எழுப்புவதற்குத் தமிழில் எழுதுவோருக்கு மற்றவர்களைவிடக் கூடுதலான காரணம் உண்டு. அந்தக் காரணத்துக்கு வருமுன் இயற்பியலையும் சட்ட வரலாற்றையும் சிறிது பார்க்க வேண்டியிருக்கிறது.

இணை உலகம் என்ற கற்பனைக்கு அறிவியல் வேர் தந்தவர் ஹியூ எவரெட். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் ஜான் வீலரின் வழிகாட்டலில் அவர் 1957இல் அளித்த ஆய்வேட்டின்படி, நுண்துகள் ஒன்றின் நிலையை அளக்கும்போது பல விடைகளில் ஒன்று மட்டும் நிலைத்து மற்றவை மறைந்துபோவதில்லை. எல்லா விடைகளும் நிகழ்கின்றன, அளப்பவரும் அவற்றோடு சேர்ந்து கிளைகளாகப் பிரிகிறார். பிரைஸ் டிவிட் 1970இல் எழுதிய கட்டுரைக்குப் பிறகே இக்கருத்து இயற்பியலாளர்களிடையே பரவலாகப் பேசப்பட்டது. எவரெட்டின் உலகங்களுக்கு இடையே போக்குவரத்து கிடையாது என்பதைக் கதை எழுதுவோர் மறக்கலாகாது. குவாண்டம் இயற்பியலின் அடிப்படைச் சமன்பாடு நேரியல்பு உடையது, அதாவது அதன் இரண்டு தீர்வுகளைக் கூட்டினால் வருவதும் ஒரு தீர்வே. ஆதலால் ஒவ்வொரு கிளையும் மற்றக் கிளை இருப்பதை அறியாமலேயே தன் போக்கில் செல்கிறது. ஸ்டீவன் வைன்பெர்க் 1989இல் இந்த நேரியல்பைச் சற்றே தளர்த்திப் பார்க்கும் ஒரு கோட்பாட்டை முன்வைத்தார். அப்படித் தளர்ந்தால் என்ன ஆகும் என்று 1991இல் கணக்கிட்ட ஜோசப் போல்சின்ஸ்கி, ஒரு கிளையில் செய்யும் செயல் மற்றொரு கிளையின் அளவீட்டைப் பாதிக்கக்கூடும் என்று காட்டி, அந்த வழிக்கு எவரெட் தொலைபேசி என்று பெயரிட்டார். பெரிலியம் அயனிகளைக் கொண்டு அமெரிக்காவில் செய்யப்பட்ட மிக நுண்ணிய சோதனையில் அத்தகைய தளர்வு எதுவும் தென்படவில்லை. எனினும் கதைக்கு இதிலிருந்து கிடைப்பது பெரிது: உலகங்களுக்கிடையே அறிவு கடக்க வேண்டுமானால் உலகங்கள் ஒன்றையொன்று தொட்டாக வேண்டும், ஒரு பக்கம் எடுத்துக்கொள்ள மறுபக்கம் அப்படியே இருக்கும் என்று எளிதாக எழுதிவிட முடியாது.

எவரெட்டின் வாழ்க்கையும் இங்கே குறிப்பிடத்தக்கது. பல்கலைக்கழக இயற்பியலை விட்டு விலகிய அவர் அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் ஆயுத மதிப்பீட்டுக் குழுவில் சேர்ந்தார். அங்கே ஜார்ஜ் பியூ என்பவரோடு சேர்ந்து, பெரும் அணுப்போர் மூண்டால் கதிரியக்கத் தூசு எங்கெங்கே படியும், எத்தனை பேர் மடிவர் என்பதைக் கணக்கிட்ட அறிக்கை ஒன்றைத் தந்தார். 1964இல் லாம்ப்டா என்ற நிறுவனத்தைச் சக ஆய்வாளர்களோடு தொடங்கி, இத்தகைய கணக்கீடுகளை அரசுக்குச் செய்துகொடுத்தார். நிகழாத உலகம் ஒன்றைப் பற்றிய அறிவை விலைக்குத் தரும் நிறுவனத்தை, பல உலகங்களை முன்மொழிந்தவரே நடத்தினார். அந்தக் கணக்குகளில் மடிபவர்கள் எண்களாக மட்டுமே இருந்தார்கள்.

மறுபக்கத்துக்கு முகம் கொடுத்த நாவல் ஒன்று உண்டு. ஐசக் அசிமோவ் 1972இல் வெளியிட்ட ‘த காட்ஸ் தெம்செல்வ்ஸ்’ நாவலில், ஹாலம் என்ற வேதியியலாளரின் மேசையில் நெடுநாளாகக் கிடந்த டங்ஸ்டன் குப்பி ஒன்றில் உலோகம் மாறியிருக்கிறது. ஆராய்ந்தால் அது புளூட்டோனியம் 186. அதில் உள்ள நியூட்ரான்களின் எண்ணிக்கைக்கு அத்தகைய அணுக்கரு இவ்வுலகில் நிலைத்திருக்க இயலாது. அணுக்கருவைப் பிணைக்கும் விசை இன்னும் வலுவாக உள்ள வேறோர் அண்டத்திலிருந்தே அது வந்திருக்க வேண்டும். அங்குள்ள உயிர்கள் இரும்புத் தகடுகளில் குறியீடுகளைப் பொறித்து அனுப்ப, அவற்றின் வழிகாட்டலில் எலக்ட்ரான் இறைப்பி என்ற இயந்திரம் இங்கே கட்டப்படுகிறது. கரியோ எண்ணெயோ இன்றி உலகுக்கெல்லாம் ஆற்றல் கிடைக்கிறது. பெருமை முழுவதும் ஹாலமுக்குப் போகிறது. அவர் கண்டுபிடித்தது உலோகம் மாறியிருப்பதை மட்டுமே, அதைக்கூடச் சக ஊழியர் ஒருவர் ஏளனம் செய்ததால் எழுந்த வீம்பில்தான் ஆராய்ந்தார். இயந்திரத்தை வடிவமைத்தவர்களோ பெயர் தெரியாத மறுபக்கத்தவர்.

நாவலின் வலிமை இதற்குப் பிறகு வருகிறது. இந்தப் பரிமாற்றத்தால் மறு அண்டத்தின் இயற்கை விதிகள் இங்கே கசிகின்றன, கசிவு மிகுந்தால் சூரியன் வெடிக்கும் என்று லாமாண்ட் என்ற இளம் இயற்பியலாளர் கண்டறிகிறார். அவரும் தொல்லெழுத்து அறிஞர் ஒருவரும் மறுபக்கத்துக்குக் கேள்விகள் பொறித்த தகடுகளை வைத்துக் காத்திருக்கிறார்கள். ஒருநாள் வரும் தகட்டில், பழகாத கை கீறியதுபோல் கோணல்மாணலான எழுத்துகளில், அச்சம் என்று பொருள்படும் ஆங்கிலச் சொல் எழுத்துப்பிழையோடு இருக்கிறது. வேறு அண்டத்தில் யாரோ ஒருவர், தமக்குத் தெரியாத மொழியின் எழுத்துகளை ஒவ்வொன்றாகக் கற்று, தம்மவர்களுக்குத் தெரியாமல் எச்சரிக்கை அனுப்பியிருக்கிறார். நாவலின் இரண்டாம் பகுதி அந்த அண்டத்திலேயே நிகழ்கிறது. தங்கள் சூரியன்கள் குளிர்ந்துவருவதால் அவர்களுக்கு ஆற்றல் தேவை, இங்குள்ள சூரியன் வெடித்தாலும் அவர்களுக்கு இழப்பில்லை, அதை உணர்ந்து உள்ளம் குமுறி எதிர்க்கும் டுவா என்ற உயிரின் கதை அது. இணை உலக வணிகத்தை எழுதியவர்களில் அசிமோவ் ஒருவரே விற்பவரின் வீட்டுக்குள் சென்று பார்த்தார் என்று சொன்னால் மிகையாகலாம். ஆனால் அவர் அளவுக்கு அக்கறையோடு பார்த்தவர் குறைவு. அறிவு ஒன்று விலையில்லாமல் வந்து குவியும்போது, அனுப்புகிறவருக்கு அதில் என்ன தேவை என்று ஒருவரும் கேட்காமல் இருப்பது எவ்வளவு பெரிய கேடு என்பதை அந்த நாவல் போல உணர்த்தும் புனைவைக் காண்பது கடினம்.

இனிச் சட்டம். கிராஸ்டைம் நிறுவனம் செய்ததை, அதாவது வேறிடத்தில் பிறர் கண்டறிந்ததைக் கொண்டுவந்து தன் பெயரில் பதிவு செய்துகொள்வதை, நிவன் கற்பனையிலிருந்து உருவாக்க வேண்டிய தேவையே இருக்கவில்லை. இங்கிலாந்தின் பழைய சட்டம் அதை வெளிப்படையாகவே அனுமதித்தது. 1624ஆம் ஆண்டின் தனியுரிமைச் சட்டம் உண்மையான முதல் கண்டுபிடிப்பாளருக்குக் காப்புரிமை தரலாம் என்றது. ஒரு கலையை வெளிநாட்டிலிருந்து முதன்முதலாக நாட்டுக்குள் கொண்டுவருபவரும் அந்தச் சொல்லில் அடங்குவார் என்று நீதிமன்றங்கள் பொருள்கொண்டன. இதற்குப் புகழ்பெற்ற எடுத்துக்காட்டு டார்பி நகரத்துப் பட்டு ஆலை. பட்டு நூலை முறுக்கும் இயந்திரங்களை இத்தாலியின் பியட்மாண்ட் பகுதியினர் பொத்திப் பாதுகாத்து வந்தார்கள். ஜான் லோம்ப் என்ற ஆங்கிலேயர் அங்கே சென்று ஆலைகளை நேரில் பார்த்து வரைபடங்களோடு திரும்பினார் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. அவருடைய அண்ணன் தாமஸ் லோம்ப் 1718இல் அந்த இயந்திரங்களுக்கு 14 ஆண்டுக் காப்புரிமை பெற்று, டர்வெண்ட் ஆற்றங்கரையில் ஆலையை எழுப்பினார். 1732இல் காலம் முடிந்தபோது நீட்டிப்புக் கேட்டார். மற்ற ஆலையாளர்கள் எதிர்த்ததால் நாடாளுமன்றம் மறுத்து, அதற்கு ஈடாக 14,000 பவுண்டு வழங்கியது. எல்லாரும் பார்த்துக் கற்றுக்கொள்ளும்படி இயந்திரத்தின் மாதிரியை ஒப்படைக்க வேண்டும் என்றும் விதித்தது. பியட்மாண்டின் கைவினைஞர்களுக்கு அந்தத் தொகையில் பங்கு உண்டா என்ற பேச்சே எழவில்லை.

இந்த வரலாற்றில் கதாசிரியர்கள் கவனிக்க வேண்டிய ஒரு நுட்பம் இருக்கிறது. பட்டு முறுக்கும் இயந்திரத்தின் படங்கள் விட்டோரியோ சோன்கா என்பவரின் நூலில் 1607இலேயே அச்சாகி வெளிவந்துவிட்டன. படம் கையில் இருந்தும் ஒரு நூற்றாண்டு வரை இங்கிலாந்தில் ஒருவராலும் அந்த இயந்திரத்தைச் செம்மையாக ஓட்ட முடியவில்லை. இழையின் இறுக்கம், சுழலும் வேகம், ஈரப்பதம் ஆகியவை கையும் கண்ணும் அறிந்த செய்திகள். பிற உலகத்துக்குப் போய் ஒரு வரைபடத்தை எடுத்துக்கொண்டு வந்த மாத்திரத்தில் இங்கே தொழிற்புரட்சி வெடிக்கும் என்று எழுதும் கதைகள் இந்த இடத்தில்தான் பொய்த்துப்போகின்றன. அறிவு அதை உடைய மனிதர்களோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. அவர்களை விட்டுவிட்டு அதை மட்டும் எடுத்துவர நினைக்கும் நிறுவனம், பாதியைத்தான் எடுத்துவருகிறது.

மேலே குறிப்பிட்ட கூடுதல் காரணம் இங்கே வருகிறது. அமெரிக்காவில் 1995இல் புண்ணை ஆற்றுவதற்கு மஞ்சள்தூளைப் பயன்படுத்தும் முறைக்கு மிசிசிப்பி பல்கலைக்கழக மருத்துவ மையத்தின் பெயரில் காப்புரிமை வழங்கப்பட்டது. இந்தியாவில் அடுப்படியில் விரல் வெட்டுப்பட்டால் மஞ்சளை வைத்து அழுத்தும் வழக்கம் அறியாத வீடு இல்லை. ஆயினும் அன்றைய அமெரிக்கச் சட்டப்படி, பிற நாட்டில் ஒன்று வழக்கத்தில் இருந்தது என்று சொன்னால் போதாது. அது அச்சில் வந்திருக்க வேண்டும், அல்லது வெளிநாட்டில் காப்புரிமை பெற்றிருக்க வேண்டும். அச்சேறாத வாய்மொழி அறிவைப் பொறுத்தவரை, அந்தச் சட்டத்தின் கண்ணுக்கு இந்தியா நிகழாத வேறோர் உலகமாகவே இருந்தது. இந்திய அறிவியல் தொழிலக ஆய்வு மன்றம் பழைய சமஸ்கிருத, உருது, இந்தி நூல்களையும், இந்திய மருத்துவச் சங்கத்தின் இதழில் 1953இல் வந்த கட்டுரையையும் தேடியெடுத்துக் காட்டிய பிறகே 1997இல் அந்த உரிமை நீக்கப்பட்டது. அமெரிக்கச் சட்டத்தின் இந்த எல்லைக்கோடு 2013 வரை நீடித்தது. எழுத்தில் இல்லாததால் இல்லாததாகவே ஆக்கப்படுவது என்ன என்பதை அறிந்த மண்ணிலிருந்து எழுதுபவர், கிராஸ்டைம் நிறுவனத்தின் ஊர்தி வந்திறங்கும் ஊரின் பக்கம் நின்று எழுத முடியும்.

கேட்டு வாங்கிய வரலாறும் உண்டு, அது மேற்குத் தொடர்ச்சி மலையில் நிகழ்ந்தது. அகத்தியர் மலைப் பகுதியில் வாழும் காணிப் பழங்குடியினர் கேரளத்தின் திருவனந்தபுரம் மாவட்டத்திலும், தமிழகத்தின் கன்னியாகுமரி, திருநெல்வேலி மாவட்டங்களிலும் பரவியிருக்கிறார்கள். பாபநாசத்துக்கு மேலே அணைகளை ஒட்டிய காட்டுக் குடியிருப்புகளில் உள்ளோரும் அவர்களே. 1987இல் வெப்பமண்டலத் தாவரவியல் பூங்கா ஆய்வு நிறுவனத்தின் அறிவியலாளர்கள் காணி வழிகாட்டிகளோடு மலையேறினார்கள். ஆய்வாளர்கள் களைத்துத் தளர்ந்தபோதும், வழிகாட்டிகள் ஏதோ சிறு காய்களை மென்றபடி சளைக்காமல் நடந்தார்கள். என்ன அது என்று கேட்டபோது முதலில் சொல்லத் தயங்கினார்கள், இனத்துக்குள் காத்துவைத்த செய்தி என்பதால். பிறகு காட்டினார்கள். அதுதான் ஆரோக்கியப்பச்சை என்று பின்னர் அறியப்பட்ட செடி. அதிலிருந்து ‘ஜீவனி’ என்ற மருந்து உருவாக்கப்பட்டு, கோயம்புத்தூரின் ஆர்ய வைத்திய பார்மசிக்கு 1990களின் நடுவில் உரிமம் தரப்பட்டது. உரிமக் கட்டணம் 10 லட்சம் ரூபாய், விற்பனையில் 2 விழுக்காடு உரிமத்தொகை, அந்த வரவில் பாதி காணி மக்களுக்கு என்பது ஏற்பாடு. தொகையைப் பெறுவதற்காக 1997இல் அறக்கட்டளை ஒன்று பதிவாயிற்று.

இது உலகெங்கும் பேசப்பட்ட முன்மாதிரி, பேசப்படத் தகுதியும் உடையது. ஆனால் கதை எழுதுவோருக்கு அதன் மாசுகளே மிகுதியும் பயன்படும். காணி இனத்தின் மரபு மருத்துவர்களில் சிலர், இது விற்கக் கூடிய அறிவே அல்ல என்று எதிர்த்தார்கள். அறிவைக் காட்டியவர்கள் சில வழிகாட்டிகள், அது யாருடையது என்று கேட்டால் பல ஊர்களில் சிதறி வாழும் ஓர் இனம் முழுவதுடையது. அந்த இனத்தின் சார்பில் கையொப்பமிட உரிமை உடையவர் யார் என்பதற்குத் தெளிவான விடை இல்லை. மருந்துக்குத் தேவையான செடியைக் காட்டிலிருந்து எடுக்க வனத்துறை தடை சொன்னது. கொடுக்க வேண்டும் என்ற நல்லெண்ணம் இருந்தபோதும் கொடுப்பது இவ்வளவு கடினம் என்றால், அண்டம் கடந்து வணிகம் செய்யும் நிறுவனத்தின் கணக்கில் மறுபக்கத்தவரின் பெயர் ஏறுவதற்கு எவ்வளவு பாடுபட வேண்டியிருக்கும் என்பதை எண்ணிப் பார்க்கலாம். அந்தப் பாடு முழுவதும் கதைப் பொருள். பேச்சுவார்த்தைக்கு வந்தவர் தம் உலகத்தின் சார்பில் பேசத் தகுதி உடையவரா? உரிமத்தொகையை எந்தப் பொருளாகக் கொடுப்பது, நாணயம் கடக்க முடியாதபோது? அங்கே ஒரு குழு விற்க இசைந்து மற்றொரு குழு மறுத்தால் நிறுவனம் யாருடைய சொல்லைக் கேட்கும்?

இந்தியச் சட்டம் இந்தக் கதைக்கு மேலும் ஒரு வாய்ப்பைத் தருகிறது. சென்னையில் நீதிபதியாக இருந்த என். ராஜகோபால ஐயங்கார் 1959இல் அளித்த அறிக்கையை அடித்தளமாகக் கொண்டு உருவான 1970ஆம் ஆண்டின் காப்புரிமைச் சட்டம், இங்கிலாந்தின் பழைய வழக்கத்தைத் திட்டமாக நிராகரித்தது. ஒரு கண்டுபிடிப்பை இந்தியாவுக்குள் முதலில் இறக்குமதி செய்பவரும், இந்தியாவுக்கு வெளியிலிருந்து அது முதலில் தெரிவிக்கப்பெற்றவரும் உண்மையான முதல் கண்டுபிடிப்பாளர் ஆகமாட்டார் என்று அதன் இரண்டாம் பிரிவின் விளக்கத்திலேயே கூறப்பட்டிருக்கிறது. 2002ஆம் ஆண்டின் திருத்தம், எங்குள்ள உள்ளூர்ச் சமூகமாயினும் அதன் வாய்மொழி அறிவில் முன்பே இருந்ததென்றால், அதைக் காட்டியே ஒரு விண்ணப்பத்தை எதிர்க்கலாம் என்றும் ஆக்கியது. ஆகவே அமெரிக்கக் கதையில் எளிதாகக் காப்புரிமை பெற்ற கிராஸ்டைம் போன்ற நிறுவனம், சென்னை கிண்டியில் உள்ள காப்புரிமை அலுவலகத்தில் விண்ணப்பம் கொடுத்தால் அங்கேயே தடுக்கப்பட வேண்டும்.

தடுக்கப்படுமா என்பதை எழுதிப் பாருங்கள். நிறுவனம் கொண்டுவந்திருப்பது உவர்நிலத்தில் நெல் விளைவிக்கும் ஒரு முறை என்று கொள்ளலாம். அதை உருவாக்கியவர் இணை உலகத்து நாகப்பட்டினத்தில் உள்ள ஒரு பெண். நிறுவனத்தின் வழக்கறிஞர், அந்த நாகப்பட்டினமும் இந்தியாவே ஆகையால் வெளியிலிருந்து வந்தது என்ற தடை பொருந்தாது என்று வாதிடுவார். எதிர்ப்பு மனு கொடுக்க மறு உலகத்துப் பெண்ணால் வர இயலாது. ஆனால் அவருடைய மறுவடிவம், அதே பெற்றோருக்குப் பிறந்து பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டு உப்பளத்தில் கூலிக்குப் போகும் பெண், இவ்வுலகத்தில் இருக்கிறார். அவர் அந்த முறையைக் கண்டுபிடிக்கவில்லை. கண்டுபிடிக்கக்கூடியவராக இருந்தார் என்பதற்கு அண்டத்திலேயே வலுவான சான்று அந்த விண்ணப்பம்தான். அவர் மனு கொடுக்கலாமா, கொடுத்தால் எந்த உரிமையில், உரிமத்தொகை அவருக்கா அல்லது மறுபக்கத்தில் உழைத்தவருக்கா, அவரைப் படிக்கவிடாத இவ்வுலகம் அவருக்கு எவ்வளவு கடன்பட்டிருக்கிறது என்பதையெல்லாம் விசாரணை அறையில் மேசைக்கு அந்தப் பக்கம் அமர்ந்திருக்கும் அதிகாரி தீர்மானித்தாக வேண்டும். அந்த விசாரணையை, இரு தரப்பு வாதங்களோடும் உப்பளத்துப் பெண்ணின் சாட்சியத்தோடும், தமிழில் ஒருவர் முழுமையாக எழுதித் தர வேண்டும் என்பதே இம்மடலின் வேண்டுகோள்.